ஏழாண்டு வாய்தா: ‘சீக்கிரம் முடியுங்கள்’ என்று எப்படிக் கேட்பது?

கேள்வி: 2018-இல் வரப்புத் தகராறு ஒன்றில் சித்தப்பா வீட்டாருடன் கைகலப்பானது. என்னையும் சேர்த்து ஐந்து பேர் மீது இந்தியத் தண்டனைச் சட்டம் 341, 294 (பி), 323, 324, 506 (2) பிரிவுகளில் வழக்கு. நாங்கள் கொடுத்த புகாரில் அவர்கள் மீதும் ஒரு வழக்கு இருக்கிறது. 2019-இல் எங்கள் மீது குற்றப்பத்திரிகை தாக்கலானது. மூன்று சாட்சிகளை விசாரித்தார்கள். பிறகு எங்கள் ஐவரில் நான்காம் எதிரி (அதாவது நான்காவதாகக் குற்றம் சாட்டப்பட்டவர்) வளைகுடாவுக்கு வேலைக்குப் போய்விட்டார். அவருக்குப் பிடியாணை போட்டிருக்கிறார்கள். அன்று முதல் வாய்தாவுக்கு மேல் வாய்தாதான். காயத்துக்குச் சிகிச்சை செய்த மருத்துவரும் வேறு ஊருக்கு மாறிவிட்டார். என் பாஸ்போர்ட்டோ காலாவதியாகிவிட்டது. வெளிநாட்டு வேலை ஒன்று கைநழுவிப் போகிறது. உயர் நீதிமன்றத்தில் மனுப் போட்டால் மூன்று மாதத்தில் முடிக்க உத்தரவு வாங்கலாம் என்றும், ஐந்து வருடம் தாண்டிய வழக்கு தானாகவே ரத்தாகிவிடும் என்றும் நண்பர் சொல்கிறார். போகலாமா? போனால் இங்கே நடுவர் கோபப்படுவாரா?

பதில்:

அன்புள்ள வாசகருக்கு,

உயர் நீதிமன்றம் போகலாம், தடை எதுவும் இல்லை. ஆனால் ‘மூன்று மாதத்தில் முடிக்க உத்தரவிட வேண்டும்’ என்ற ஒற்றை வரிக் கோரிக்கையோடு இப்போதே போக வேண்டாம். அப்படி ஓர் உத்தரவு கிடைத்தாலும் உங்கள் வழக்கு நகராது. உத்தரவைப் பார்த்து நான்காம் எதிரி விமானம் ஏறி வந்துவிடப் போவதில்லை. மருத்துவரும் வரப்போவதில்லை. மூன்று மாதம் கழிந்ததும், இன்ன காரணத்தால் முடிக்க இயலவில்லை, கால நீட்டிப்பு வேண்டும் என்று நடுவர் மேலே கடிதம் எழுதுவார். நீட்டிப்பு கிடைக்கும். உங்களிடம் ஓர் உத்தரவு நகலும், வக்கீல் கட்டண ரசீதும் மிஞ்சும்.

ஐந்து வருடக் கதையை முதலில் முடித்துவிடுகிறேன். விரைவான விசாரணை அடிப்படை உரிமை என்பது உண்மைதான். பீகார் சிறைகளில், குற்றம் நிரூபணமாகியிருந்தால்கூட அனுபவித்திருக்க வேண்டிய தண்டனையைவிட அதிக காலம் விசாரணைக் கைதிகளாகவே கிடந்தவர்களின் நிலை 1979-இல் ஹுசைனாரா காத்தூன் வழக்காக உச்ச நீதிமன்றத்துக்கு வந்தது. அதில்தான் இந்த உரிமை அரசியல் சாசனத்தின் 21-ஆவது பிரிவுக்குள் அடங்கும் என்று நீதிமன்றம் சொன்னது. பின்னர் 1990-களில் வந்த சில தீர்ப்புகள், இத்தனை ஆண்டு கடந்துவிட்டால் வழக்கை அத்தோடு முடித்து எதிரியை விடுவிக்கலாம் என்று கெடு வைத்தன. உங்கள் நண்பர் காதில் விழுந்தது அநேகமாக அந்தக் காலத்துச் சேதி. 2002-இல் பி. ராமச்சந்திர ராவ் வழக்கில் ஏழு நீதிபதிகள் அடங்கிய அமர்வு அந்தக் கெடுக்களை எல்லாம் எடுத்துவிட்டது. ஆண்டுக் கணக்கைக் காட்டி மட்டும் இன்று எந்த வழக்கும் ரத்தாவதில்லை.

அப்படியென்றால் நீதிமன்றம் எதைப் பார்க்கும்? 1991 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் தந்த அந்துலே வழக்குத் தீர்ப்புதான் இன்றைக்கும் அடிப்படை. எவ்வளவு தாமதம், யாரால் தாமதம், வழக்கு எத்தகையது, எதிரிக்கு என்ன பாதிப்பு, அந்த நீதிமன்றத்தின் வேலைச்சுமை எவ்வளவு என்று எல்லாவற்றையும் சேர்த்து எடைபோடச் சொல்கிறது அது. ‘நீ விரைவு விசாரணை கேட்கவே இல்லையே, இப்போது ஏன் புலம்புகிறாய்’ என்று எதிரியைப் பார்த்துக் கேட்கக் கூடாது என்றும் அந்தத் தீர்ப்பு சொல்கிறது. சட்டம் அப்படி இருந்தாலும், எழுத்தில் கேட்டு வைத்தவருக்கும் கேட்காதவருக்கும் நடைமுறையில் வித்தியாசம் உண்டு. ‘யாரால் தாமதம்’ என்ற கேள்விக்கு வழக்குக் கட்டுதான் பதில் சொல்லும். அதில் உங்கள் மனு ஒன்று இருந்தால் அதுவும் உங்களுக்காகப் பேசும்.

இன்னொரு தீர்ப்பையும் தெரிந்துகொள்ளுங்கள். 2024 பிப்ரவரி 29 அன்று, அலகாபாத் உயர் நீதிமன்ற வழக்கறிஞர் சங்கத்தின் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு, கீழ் நீதிமன்றங்களின் வழக்குகளை இன்ன தேதிக்குள் முடிக்க வேண்டும் என்று மேல் நீதிமன்றங்கள் கெடு விதிப்பது வழக்கமாகிவிடக் கூடாது, அசாதாரணச் சூழலில்தான் அதைச் செய்ய வேண்டும் என்று சொன்னது. எந்த வழக்கை முதலில் எடுப்பது என்பது அந்தந்த நீதிமன்றத்துக்கே நன்றாகத் தெரியும் என்பது அதன் வாதம். எனக்கு அதில் உடன்பாடு உண்டு. உயர் நீதிமன்றம் வரை போக வசதியுள்ளவரின் 2019-ஆம் ஆண்டு வழக்கு முன்னால் வந்தால், போக வசதியில்லாதவரின் 2015-ஆம் ஆண்டு வழக்கு பின்னால் தள்ளப்படும். நடுவருக்கு இருப்பது ஒரே நாள், ஒரே நாற்காலி.

அந்த ஒரு நாள் எப்படிக் கழிகிறது என்று பார்த்தால் உங்கள் கோபம் கொஞ்சம் திசை மாறும். காலையில் பட்டியலில் உள்ள வழக்குகளை ஒவ்வொன்றாக அழைத்து முடிப்பதற்குள்ளேயே பாதி நாள் போய்விடும். நடுவே காவல் நிலையத்திலிருந்து ரிமாண்டுக்கு ஆள் கொண்டுவருவார்கள். ரகசிய வாக்குமூலம் பதிவு செய்ய ஒருவர் காத்திருப்பார். அரசு மருத்துவமனையிலிருந்து மரண வாக்குமூலத்துக்கு அழைப்பு வந்தால் எல்லாவற்றையும் அப்படியே விட்டுவிட்டு நடுவர் கிளம்பியாக வேண்டும். இதற்கெல்லாம் மிச்சமான நேரத்தில்தான் சாட்சி விசாரணை. பத்து லட்சம் மக்களுக்கு 50 நீதிபதிகள் வேண்டும் என்று சட்ட ஆணையம் 1987-லேயே சொன்னது; நாம் இன்னும் அதில் பாதியைக்கூட எட்டவில்லை. கீழ் நீதிமன்றங்களில் நிலுவையில் உள்ள குற்ற வழக்குகள் மட்டும் மூன்று கோடிக்கும் மேல். ஆகவே, ‘என் வழக்கைச் சீக்கிரம் எடுங்கள்’ என்பது அந்த அறையில் நிற்கும் எல்லாருடைய கோரிக்கையும்தான். அது நடுவர் காதில் தனியாக விழாது. ‘என் வழக்கு இந்த இடத்தில் சிக்கியிருக்கிறது, இந்த உத்தரவு போட்டால் நகரும்’ என்று சொன்னால் விழும்.

எனவே சிக்கல் எங்கே என்று முதலில் காகிதத்தில் கண்டுபிடியுங்கள். இ-கோர்ட்ஸ் இணையதளத்தில் உங்கள் வழக்கின் 16 இலக்க சி.என்.ஆர். எண்ணைக் கொடுத்தால் ஒவ்வொரு வாய்தா தேதியும் வரும். பல நீதிமன்றங்களில் தேதியை அழுத்தினால் அன்று என்ன நடந்தது என்ற குறிப்பும் வரும். அது போதாது, நடவடிக்கைக் குறிப்புகளின் சான்றிட்ட நகலுக்கும் விண்ணப்பித்து வாங்குங்கள். பிறகு ஒரு தாளில் தேதி, என்ன நடந்தது, யாரால் தள்ளிப்போனது என்று மூன்று பத்தி பிரித்து எழுதுங்கள். ‘நான்காம் எதிரி ஆஜரில்லை, பிடியாணை நிலுவை’ என்ற வரி எத்தனை முறை வருகிறது, ‘சாட்சி வரவில்லை, புதிய அழைப்பாணை’ என்பது எத்தனை முறை, நடுவர் விடுப்பு எத்தனை முறை என்று பாருங்கள்.

உங்கள் பெயர் எத்தனை முறை வருகிறது என்பதையும் மறக்காமல் எண்ணுங்கள். உங்கள் வக்கீல் அவ்வப்போது 317 மனுப் போட்டிருப்பார். எதிரி இன்று வர இயலவில்லை, பொறுத்தருள வேண்டும் என்று கேட்கும் மனு அது. வேலைக்குப் போகிறவர்களுக்கு அது தவிர்க்க முடியாதது என்பது எனக்குத் தெரியும். ஆனால் சாட்சி வந்து நின்ற நாளில் நீங்கள் வராமல் போய், அதனால் அவர் திருப்பி அனுப்பப்பட்டிருந்தால், அந்த ஒரு குறிப்பே உங்கள் மனுவைச் சாய்த்துவிடும். அரசு வழக்கறிஞர் முதலில் அதைத்தான் எடுத்து வாசிப்பார். இதே கணக்கில் உங்கள் வக்கீல் கேட்டு வாங்கிய வாய்தாக்களும் சேரும். அவரிடம் ‘வாய்தாவுக்கு இவ்வளவு’ என்று கட்டணம் பேசியிருந்தால், குறுக்கு விசாரணைக்கு இவ்வளவு, வாதத்துக்கு இவ்வளவு என்று கட்டம் கட்டமாக மாற்றிப் பேசுங்கள். சக வக்கீல்கள் என்னைத் திட்டுவார்கள், பரவாயில்லை.

அடுத்தது, விசாரணை நீதிமன்றத்திலேயே மனு. உங்கள் வழக்கு, புதிய நடைமுறைச் சட்டம் அமலுக்கு வந்த 2024 ஜூலை 1-க்கு முன்பே நடந்துகொண்டிருந்ததால் பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டப்படிதான் தொடரும். அதன் 309-ஆவது பிரிவு, சாட்சி விசாரணை தொடங்கிவிட்டால் வந்திருக்கும் சாட்சிகளை எல்லாம் விசாரித்து முடிக்கும் வரை நாள்தோறும் நடத்த வேண்டும், ஒத்திவைத்தால் காரணத்தை எழுத வேண்டும் என்கிறது. வக்கீல் வேறு நீதிமன்றத்தில் இருக்கிறார் என்பது ஒத்திவைக்கக் காரணம் ஆகாது என்றும் வெளிப்படையாகவே சொல்கிறது. எந்த நீதிமன்றத்திலும் இது எழுத்துப்படி நடப்பதில்லை. ஆனாலும் மனுவில் இதைக் குறிப்பிட்டால்தான் நீதிமன்றம் காரணத்தை எழுத்தில் பதிவு செய்யும்.

மனுவின் உயிர்நாடி நான்காம் எதிரி. 317-ஆவது பிரிவின் இரண்டாம் உட்பிரிவு, வராத எதிரியின் வழக்கைத் தனியாகப் பிரிக்க நீதிமன்றத்துக்கு அதிகாரம் தருகிறது. பிரித்துவிட்டால் அவருக்கு வேறு எண் கொடுத்து, அவர் கிடைக்கும்போது தனியாக நடத்துவார்கள். உங்கள் நால்வருக்கான வழக்கு மேலே போகும். இதை யாராவது கேட்டால்தான் செய்வார்கள். பிடியாணை காவல் நிலையத்தில் நிறைவேறாமல் கிடக்கும், வாய்தா மட்டும் மாறிக்கொண்டே போகும். ஆள் வெளிநாட்டில் இருக்கிறார், விரைவில் வரும் வாய்ப்பில்லை என்று ஆய்வாளரிடம் அறிக்கை கேட்கும்படி உங்கள் மனுவிலேயே வேண்டுங்கள். அந்த அறிக்கை வந்துவிட்டால் பிரிப்பதற்கு நடுவருக்குத் தயக்கம் இருக்காது.

மருத்துவர் விஷயத்துக்கு அதே நடைமுறைச் சட்டத்தின் 294-ஆவது பிரிவு இருக்கிறது. ஓர் ஆவணத்தின் உண்மைத்தன்மையை எதிர்த்தரப்பு மறுக்கவில்லை என்றால், அதை எழுதியவரை நேரில் அழைத்து நிரூபிக்காமலேயே சாட்சியமாக ஏற்கலாம். காயச் சான்றிதழை நீங்கள் ஏற்றுக்கொண்டால் மருத்துவருக்காகக் காத்திருக்கும் வாய்தாக்கள் அத்தனையும் மிச்சம். ஆனால் கண்ணை மூடிக்கொண்டு ஏற்காதீர்கள். சான்றிதழை வக்கீலுடன் உட்கார்ந்து வரி வரியாகப் படியுங்கள். சாட்சி அரிவாள் வெட்டு என்று சொல்லியிருக்க, சான்றிதழில் சிராய்ப்பு என்று இருந்தால் அது உங்களுக்கு ஆதரவான காகிதம், தாராளமாக ஏற்கலாம். கல்லில் விழுந்தாலும் இப்படிக் காயம் ஏற்படுமா என்று மருத்துவரைக் கேட்டுத்தான் ஆக வேண்டும் என்றால் ஏற்கக் கூடாது. அவரைக் காணொலி வழியாக விசாரிக்கும்படி கேளுங்கள். 2003-லேயே உச்ச நீதிமன்றம் அதற்கு வழிவிட்டிருக்கிறது. மாறுதலாகிப் போன புலனாய்வு அதிகாரிக்கும் இதே வழிதான்.

கடிதத்தில் போகிற போக்கில் நீங்கள் எழுதிய ஒரு வரி என் கண்ணில் பட்டது: சித்தப்பா வீட்டார் மீதான எதிர் வழக்கு. ஒரே சம்பவத்தில் இருதரப்பும் புகார் கொடுத்திருந்தால் இரண்டு வழக்கையும் ஒரே நீதிபதி அடுத்தடுத்து விசாரித்து, இரண்டு தீர்ப்பையும் ஒன்றாகச் சொல்ல வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 1990-லேயே சொல்லியிருக்கிறது. ஆகவே அந்த வழக்கு படுத்துக் கிடந்தால் உங்கள் வழக்கும் அதற்காகக் காத்திருக்கும். அதில் நீங்கள்தான் புகார்தாரர், சாட்சியும் நீங்கள்தான். அழைப்பாணை வந்தும் உங்கள் தரப்பு போகாமல் இருந்தால், ஒரு கையால் கதவைத் தட்டிக்கொண்டே மறு கையால் தாழ்ப்பாள் போடுகிறீர்கள். இரண்டு வழக்கு எண்களையும் ஒரே மனுவில் குறிப்பிட்டு, இரண்டையும் ஒரே தேதிகளில் எடுக்கக் கேளுங்கள்.

நடுவர் கோபப்படுவாரா? இப்படி ஒரு மனுவுக்குக் கோபப்படுகிறவரை நான் அதிகம் பார்த்ததில்லை. ஒவ்வொரு நீதிமன்றமும் மாதந்தோறும் எத்தனை வழக்கு முடிந்தது என்று மேலே கணக்கு அனுப்ப வேண்டும். பழைய வழக்கு முடிந்தால் அவர்களுக்கும் நல்லதுதான். தன்னிடம் ஒரு வார்த்தைகூடக் கேட்காமல் நேராக உயர் நீதிமன்றம் போய், தான் தூங்கிக்கொண்டிருப்பதுபோல் எழுதிய மனுவின் நகல் தபாலில் வரும்போதுதான் முகம் சுருங்கும். அப்போதும் அதைத் தீர்ப்பில் காட்டுவார் என்று பயப்படத் தேவையில்லை. ஆனால் ‘மூன்று மாதம்தானே, நாளையே குறுக்கு விசாரணை செய்யுங்கள்’ என்று அவர் சொன்னால் உங்கள் வக்கீல் தயாராக இருக்க வேண்டும். வேகம் கேட்டவர் பிறகு வாய்தா கேட்க முடியாது.

நடுவர் மனுவைத் தள்ளுபடி செய்தாலோ, மனு எடுக்கப்படாமலே சில வாய்தாக்கள் கடந்தாலோ, அப்போது உயர் நீதிமன்றம் போங்கள். பழைய நடைமுறைச் சட்டத்தில் 482; அதன் இடத்தில் இப்போது வந்துள்ள புதிய சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 528-ஆவது பிரிவின் கீழ் மனு. வாய்தாப் பட்டியலையும், கீழே போட்ட மனுவின் நகலையும் இணையுங்கள். ஆய்வாளர் பிடியாணை குறித்து அறிக்கை தர வேண்டும், நான்காம் எதிரியின் வழக்கைப் பிரிப்பது பற்றி நடுவர் முடிவெடுக்க வேண்டும், மீதமுள்ள சாட்சிகளைக் காவல்துறை ஆஜர்படுத்த வேண்டும் என்று கேளுங்கள். கால அளவு கேட்பதென்றால் இதற்குப் பிறகு, கடைசியாகக் கேளுங்கள். இப்படி ஒரு கோரிக்கையை மறுப்பது எந்த நீதிபதிக்கும் கடினம். செலவு இடித்தால் மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவிலோ, உயர் நீதிமன்றத்தில் உள்ள அதன் குழுவிலோ இலவச வக்கீல் கேட்கலாம். கட்டணமில்லா எண் 15100.

உறவினர் சிறையில் இருக்க இதைப் படிப்பவர்களுக்கு ஒரு வார்த்தை: உங்கள் வழி வேறு. விசாரணையை விரட்டுவதற்கு முன் ஜாமீனைப் பாருங்கள். புதிய சட்டத்தின் 479-ஆவது பிரிவுப்படி, உச்சபட்ச தண்டனையில் பாதியைச் சிறையில் கழித்துவிட்ட விசாரணைக் கைதியையும், இதற்கு முன் எந்தக் குற்றத்திலும் தண்டனை பெறாதவர் என்றால் மூன்றில் ஒரு பங்கு கழித்தவரையும் ஜாமீனில் விட வேண்டும். மரண தண்டனை, ஆயுள் தண்டனைக்குரிய குற்றங்களுக்கும், வேறு வழக்குகளும் நிலுவையில் இருப்பவர்களுக்கும் இது பொருந்தாது. பழைய வழக்குகளில் உள்ளே இருப்பவர்களுக்கும் இது உண்டு என்று 2024 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்திவிட்டது. 2022-ஆம் ஆண்டுக் கணக்குப்படி நாட்டின் சிறைகளில் இருந்தவர்களில் நூற்றுக்கு 75 பேருக்கு மேல் விசாரணைக் கைதிகள். வரிசையில் உங்களுக்கும் எனக்கும் முன்னால் நிற்க வேண்டியவர்கள் அவர்கள்.

இனி உங்களிடமே ஒரு கேள்வி. வழக்கு சீக்கிரம் முடிய வேண்டும் என்கிறீர்கள். எப்படி முடியும் என்று யோசித்தீர்களா? விசாரித்த மூன்று சாட்சிகள் என்ன சொன்னார்கள், குறுக்கு விசாரணையில் எதை விட்டுக்கொடுத்தார்கள் என்று வக்கீலிடம் உட்கார்ந்து கேளுங்கள். காலம் போகப் போகச் சாட்சி மறந்துவிடுவார் என்று வேண்டுமென்றே இழுப்பவர்கள் இருக்கிறார்கள். உங்கள் வக்கீல் அந்தக் கணக்கில் இருக்கிறாரா என்பதும் அப்போது தெரிந்துவிடும். சித்தப்பா வீட்டாருடன் இப்போது பேச்சுவார்த்தை உண்டா? நல்லது கெட்டதுக்குப் போய்வரும் அளவுக்கு உறவு திரும்பியிருந்தால், இரண்டு வழக்கையும் சமரசத்தின் பேரில் ரத்து செய்ய உயர் நீதிமன்றத்தைக் கேட்கலாம். 324 போன்ற பிரிவுகளைக் கீழ் நீதிமன்றத்தில் சமரசம் செய்துகொள்ளச் சட்டத்தில் இடமில்லை. ஆனால் தனிப்பட்ட தகராறுகளில் அதையும் தாண்டி ரத்து செய்யும் அதிகாரம் உயர் நீதிமன்றத்துக்கு உண்டு என்று 2012-இல் கியான் சிங் வழக்கில் முடிவாகிவிட்டது. பங்காளிச் சண்டைகளில் இது அன்றாடம் நடப்பதுதான். உங்களுக்கு இருக்கும் வழிகளில் மிக விரைவானதும் இதுவே.

கடைசியாக பாஸ்போர்ட். அதற்கு வழக்கு முடியும் வரை காத்திருக்க வேண்டியதில்லை. வழக்கு நிலுவையில் இருந்தாலும், வழக்கை நடத்தும் நீதிமன்றம் அனுமதித்தால் பாஸ்போர்ட் தரலாம் என்று 1993-ஆம் ஆண்டின் மத்திய அரசு அறிவிக்கை சொல்கிறது. தனி மனுவாக நடுவரிடமே கேளுங்கள். அரசு வழக்கறிஞர் நான்காம் எதிரியைச் சுட்டிக்காட்டி, இவரும் அப்படித்தான் போய்விடுவார் என்று ஆட்சேபிப்பார். உங்கள் ஆஜர் குறிப்புகள் சுத்தமாக இருந்தால் அதுவே அதற்குப் பதில். கூப்பிடும்போது வருவேன் என்ற உறுதிமொழிப் பத்திரத்தையும், வேலை உத்தரவு நகலையும் சேர்த்துக் கொடுங்கள். பாஸ்போர்ட் எத்தனை ஆண்டுக்கு வேண்டும் என்பதை மனுவில் தெளிவாக எழுதி, உத்தரவிலும் அது இடம்பெறும்படி பார்த்துக்கொள்ளுங்கள். காலம் எதுவும் குறிப்பிடாத வெறும் அனுமதி உத்தரவாக இருந்தால் ஓராண்டுக்குத்தான் கொடுப்பார்கள்.